ஒரு முழம் சக்கரபாணி

தோளில் கிடந்த துண்டை உதறி, டீக்கடை பெஞ்சின்மேல் நீளவாக்கில் விரிக்கிறார் சக்கரபாணி. "இதான் வரப்பு." டீ கிளாஸ் வடக்கே போகிறது. "இது என் கெணறு." பக்கத்தில் இருப்பவரின் பீடிக்கட்டைக் கேட்காமலே எடுத்துத் தெற்கே வைக்கிறார். "இது அந்த ராமகிருஷ்ணன் கொட்டாய்." பீடிக்காரர் எப்போதோ எழுந்து போயிருக்க வேண்டியவர். கொட்டாய் அங்கே மாட்டிக்கொண்டதால் முழுக் கதையையும் கேட்டுவிட்டுத்தான் போகமுடியும்.

ஐம்பத்தாறு வயது. கீழ்பென்னாத்தூருக்கு அப்பால் மூன்று ஏக்கர், கிணற்றுப் பாசனம், நல்ல மண். ஆனால் அவர் பேச்சில் அந்த மூன்று ஏக்கர் தலைகாட்டுவதே இல்லை. பேச்செல்லாம் வரப்பை ஒட்டிய ஒரு முழ அகலத்தைப் பற்றித்தான். அதில் இரண்டு பனைமரம், கொஞ்சம் கோரைப்புல். திருவண்ணாமலை கோர்ட்டு வராந்தாவில் அவருக்கு 'ஒரு முழம்' என்றே பெயர். அதை அவர் பட்டம் போலத்தான் எடுத்துக்கொண்டார்.

ராமகிருஷ்ணன் வேறு யாருமில்லை, பங்காளி. காய்ச்சலுக்கு மருந்துண்டு, பங்காளிக் காய்ச்சலுக்கு ஏது? எழுபத்தேழாம் வருஷம் ஆனி மாதத்து மாலை, சக்கரபாணி அந்த ஒரு முழத்தில் ஏர் ஓட்டினார். ராமகிருஷ்ணன் வந்து மாட்டை மடக்கினார். மண்வெட்டிக் காம்பு உயர்ந்தது, ராமகிருஷ்ணனின் இடது மணிக்கட்டு ஒடிந்தது. ஊரே நின்று பார்த்தது. கீழ்க்கோர்ட்டில் ஆறு மாதக் கடுங்காவல். ஜாமீன் வாங்கி, வேலூர் செஷன்ஸ் கோர்ட்டுக்கு அப்பீல்.

அப்பீலில் அடிபட்டவர் வரவேண்டியதே இல்லை. ஆனாலும் ராமகிருஷ்ணன் ஒரு வாய்தா விடமாட்டார். வேலூர் பஸ்ஸில் அவர் முன் சீட்டு, இவர் பின் சீட்டு. பேச்சுவார்த்தை கிடையாது. "கண்டக்டரே, முன்னாடி இருக்கறவர ஜன்னல சாத்தச் சொல்லுங்க, சாரல் அடிக்குது" என்பார் இவர். "கண்டக்டரே, பின்னாடி இருக்கறவருக்குத் தண்ணி வேணுமான்னு கேளுங்க" என்பார் அவர். இரண்டு வருஷம் இந்தத் தூது நடந்தது. ஒருவர் ஜெயிலுக்குப் போகவேண்டும் என்று இன்னொருவர் பஸ் ஏறுவதில் இவ்வளவு மரியாதை இருந்தது.

"அந்த மொழத்துல இன்னா மாணிக்கமா வெளயுது? உட்டுத் தொலையேன்" என்று மனைவி கன்னியம்மாள் அழுதாள். அவளுக்குப் பயம் ஜெயிலைப் பற்றி. சக்கரபாணிக்கும் பயம்தான், பொய் சொல்வானேன்! ஆனால் ஜெயில் ஆறு மாதம், வரப்பு போனால் போனதுதான்.

வக்கீல் ராஜேந்திரன் கெட்டிக்காரர். சம்பவத்தன்று காலையில் சக்கரபாணி திருவண்ணாமலை மண்டிக்கு வேர்க்கடலை கொண்டுபோன சீட்டு ஒன்று அகப்பட்டது. அதில் தேதி இருந்தது, நேரம் இல்லை. "நீங்க வாயத் தொறக்காதீங்க, மத்தத நான் பாத்துக்கறேன்" என்றார். சக்கரபாணியும் வாயைத் திறக்கவில்லை. வாழ்நாளில் அவர் கேட்ட ஒரே புத்திமதி அதுதான்.

சீட்டு வென்றது. சம்பவ நேரத்தில் சக்கரபாணி அந்த நிலத்தில் இருந்ததாகவே நிரூபிக்கப்படவில்லை, விடுதலை. கன்னியம்மாள் மாரியம்மனுக்குப் பொங்கல் வைத்தாள்.

பொங்கல் பானை ஆறுவதற்குள் ராமகிருஷ்ணன் அந்தத் தீர்ப்புக்கு நகல் வாங்கிவிட்டார். ஏரைப் பூட்டிக்கொண்டு வந்தார். வரப்பின்மேல் ஏறி நின்று, ஊர் கேட்கப் படித்துக் காட்டினார். "கேட்டுக்கங்கப்பா. அன்னிக்கி இவுரு நெலத்துலயே இல்லியாம். கோர்ட்டே சொல்லிட்டுது. அப்ப ஏர் ஓட்டனது யாரு? நான்தான!" அந்த ஒரு முழத்துக்காக ஏற்கெனவே நடந்துவந்த சிவில் வழக்கிலும், அனுபவம் தன்னுடையதுதான் என்று அதே நகலைத் தாக்கல் செய்தார். நல்ல கை ஒன்று போதாதா கலப்பையைப் பிடிக்க? ஒரு முழம் உழவாகி, விதைப்பும் முடிந்தது. சக்கரபாணி தன் கிணற்றடியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். மண்வெட்டி அருகிலேயே கிடந்தது. அன்று அதை அவர் தொடவில்லை.

மறுநாள் முதல் பஸ்ஸில் வக்கீல் வீட்டுக்கு வந்துவிட்டார். ராஜேந்திரன் பல் துலக்கிக்கொண்டிருந்தார்.

"விடுதலை ஆயிட்டீங்களே, இன்னும் இன்னாங்க?"

"இதுக்கு அப்பீல் உண்டுங்களா?"

"எதுக்கு?"

"இந்த விடுதலைக்கு."

வக்கீல் வாயைக் கொப்பளித்துவிட்டு வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். முப்பது வருஷத் தொழிலில் இப்படி ஒரு கட்சிக்காரரைப் பார்த்ததில்லை. "விடுதலையானவரே அப்பீல் போற சட்டம் எங்கயும் இல்லீங்க. நீங்க அங்க இல்லன்னுதான தப்பிச்சீங்க?"

"இருந்தேங்க!" என்றார் சக்கரபாணி. "வரப்பு மேல நின்னுதான் அடிச்சேன். எலும்பு முறிஞ்ச சத்தம் எனக்கே கேட்டுது. ஊரே பாத்துது. இல்லவே இல்லன்னு எழுதிட்டா நான் எங்கதாங்க இருந்தேன்?"

மேஜைமேல் கிடந்த சட்டப் புத்தகத்தை ஒரு பக்கமாக நகர்த்தினார் சக்கரபாணி. இரண்டு மணிக்கட்டுகளையும் ஒன்றாகச் சேர்த்து, விலங்கு மாட்டத் தோதாக, வக்கீலின் முன்னால் நீட்டினார்.