ஷிமோகாவிலிருந்து வந்த உத்தரவு

ஜோகுபாளையத்தில் எங்கள் சந்தில் பதினோரு வீடுகள், ஒரே குழாய். ஒரு வீட்டில் தாளித்தால் மூன்றாம் வீட்டில் தும்முவார்கள். யாருக்கு வரன் வந்தது, எந்த வீட்டில் சண்டை என்பதெல்லாம் பக்கத்து வீட்டு அக்காவின் வாய் வழியாகத்தான் வெளியே போகும். அவர் கணவருக்கு மில்லில் வேலை. அன்பான மனுஷி. ஆனாலும் அவர் குரல் கேட்டாலே எனக்கு வீட்டுக்குள் இருப்புக்கொள்ளாது.

ஐம்பதுகளின் கடைசி. எனக்கு இருபத்திரண்டு வயது. அப்பா இல்லை; அம்மாவும் நானும்தான். ஆசிரியர் பயிற்சி முடித்ததும், யாருக்கும் தெரியாமல் ரயிலில் ஒரு ராத்திரி தூரத்தில் இருந்த ஷிமோகாவில் ஒரு பெண்கள் பள்ளிக்கு எழுதிப் போட்டேன். தபால்காரரைத் தினமும் தெருமுனையிலேயே மறித்துக்கொள்வேன். கடைசியில் வேலை உத்தரவு வந்தது. கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறக்கும் நாளில் சேர வேண்டும். டிரங்குப் பெட்டியில் புடவைகளுக்கு அடியில் அதை ஒளித்துவைத்தேன்.

அந்த வாரமே அம்மாவுக்கு டைஃபாய்டு. சந்து முழுவதும் எங்கள் வீட்டுக்குள் வந்துவிட்டது. ஒருத்தர் கஞ்சி வைத்தார், ஒருத்தர் துணி துவைத்தார், எதிர்வீட்டு மேஸ்திரி அல்சூரிலிருந்து டாக்டரை ஜட்கா வண்டியில் கூட்டிவந்தார். அக்கா மூன்று வாரமும் அம்மாவின் தலைமாட்டை விட்டு நகரவில்லை. நானோ காலண்டரைப் பார்ப்பதும், அடுப்புக்கும் வாசலுக்கும் நடப்பதுமாக இருந்தேன்.

அம்மா எழுந்து உட்கார்ந்த அன்று, குழாயடியில் அக்கா என் பக்கம் குனிந்து மெல்லக் கேட்டார்.

"எப்போ கெளம்புற?"

குழாயை மூடிவிட்டு அவரை நிமிர்ந்து பார்த்தேன்.

"ஷிமோகா ஸ்கூல் கவர் வந்துச்சுன்னு போஸ்ட்மேன் அன்னிக்கே சொல்லிட்டாரு. நான் யார்கிட்டயும் மூச்சு விடல. அம்மா தேறட்டும்னுதான் இருந்தேன். இப்போ நீயே சொல்லிடு, ஜல்தி. வேற யாராச்சும் சொன்னா உங்கம்மா தாங்காது."

அன்று மாலையே சொன்னேன். அங்கே யாரைத் தெரியும் என்று மட்டும் அம்மா கேட்டாள். ஒருவரையும் தெரியாது என்றேன். அதற்காகத்தான் போகிறேன் என்று சொல்ல வாய் வரவில்லை.

ஷிமோகாவில் வாடகை அறை. முதல் வாரம் ஒருவரும் கதவைத் தட்டவில்லை. அது எனக்குப் பிடித்திருந்தது. பிடித்திருக்கிறதே என்று மனசு உறுத்தவும் செய்தது. அம்மாவை வந்துவிடச் சொல்லி எழுதினேன். இந்த ஜனங்களை விட்டுவிட்டு எங்கே வருவது என்று பதில் வந்தது. அம்மா சொல்லச் சொல்ல, அக்கா எழுதிய கடிதம்.

ஆறு வருஷம் அங்கே வேலை பார்த்தேன். லீவுக்கு வந்தால், நாலாம் நாளே பெட்டியைக் கட்ட ஆரம்பித்துவிடுவேன்.