சேலையோடு வந்த காகிதம்

கருப்புசாமியின் மகள் கேமராவைக் காட்டிச் சொந்தக்காரர்களிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு திரிகிறாளாம். வேலந்தாவளம் மாட்டுச்சந்தையில் யாரோ யாரிடமோ சொன்னது, ஆட்டோக்காரர் காளிச்சாமி வழியாக அந்த மகளின் காதுக்கே வந்து சேர்ந்தது.

"நானுங்க நம்பலீங்க," என்றார் காளிச்சாமி, கண்ணாடியில் அவளுடைய பையையே பார்த்தபடி. "ஆனா, பையில காயிதம் ஏதாச்சும் இருக்குதுங்களா?"

இருந்தது. அனுப்பிரியா பையை மடியோடு இறுக்கிக்கொண்டாள்.

கோவையில் இருந்து ஆவணப்படம் எடுப்பவள் அவள். ஊரார் குடும்பங்களையெல்லாம் எடுத்து முடித்து, அப்பா இறந்த பிறகு கேமராவைச் சொந்த வீட்டுப் பக்கம் திருப்பியிருந்தாள். அப்பாவும் அவர் தங்கை கமலாத்தாளும் இருபத்தாறு வருடம் ஏன் முகம் பார்க்கவில்லை என்பதுதான் படம். முதலமடை மாந்தோப்பு வீட்டில் அத்தை நான்கு மத்தியானம் பேசினாள். அண்ணன் தோளில் ஏறி மாங்காய் பறித்ததுவரை சொன்னாள். சண்டையைப் பற்றி மட்டும் வாயே திறக்கவில்லை.

நேற்றுதான் கடைசி நாள். முகத்தையும் பேச்சையும் படத்தில் காட்டச் சம்மதம் என்று எல்லோரிடமும் வாங்கும் ஒரு பக்கக் காகிதம் பாக்கி. அத்தையின் கையெழுத்து இல்லாமல் வெள்ளிக்கிழமை படத்தை ஒப்படைக்க முடியாது. வெறுங்கையோடு போகக் கூடாதே என்று சேலையும் லட்டும் வாங்கிப் போயிருந்தாள். கேமராவை அணைத்தாள். சேலைப் பெட்டியை வைத்து, அதன்மேல் காகிதத்தை வைத்தாள்.

அத்தை தொடவில்லை.

"ஏனம்மிணி, இது ஆரு சொல்லிக்குடுத்தது?"

"எது அத்தை?"

"சேலைக்கு மேல காயிதத்த வெக்கறது. மா பூத்திருந்த மாசம் உங்கொப்பனும் இப்படித்தான் வந்தான். பொறந்த ஊட்டுச் சீருன்னு கண்ணு கலங்கி நின்னேன். சொசைட்டிக் கடனுக்கு ஜாமீன், சும்மா ஒரு கையெழுத்து கமலான்னான். மக்யாநாளு ரிஜிஸ்டர் ஆபீசுக்கும் கூட்டிட்டுப் போனான். என்ற பங்கு நாலு ஏக்கரும் அதோட போச்சு."

"இது படத்துக்குங்க அத்தை. வேணும்னா வாசிச்சுக் காட்டறனுங்க."

"அவனுந்தான் வாசிச்சான். அது கெடக்குது. நாலு நாளா நாந் தும்முனாக்கூடப் புடிச்சியே, இப்ப மட்டும் அந்த மிசுன எதுக்கு அணைச்ச?"

அனு அணைத்து வைத்த கேமராவைப் பார்த்தாள். இத்தனை நாள் காத்திருந்த பேச்சு அதுதான். ஒரு சொல்கூடப் பதிவாகவில்லை.

அத்தைக்குத் தெரியாத ஒன்றும் இருந்தது. அன்று அத்தை கையெழுத்துப் போட்ட அந்தப் பழைய முத்திரைத்தாள் அப்பாவின் பீரோவிலிருந்து போன வருடமே அவள் கைக்கு வந்துவிட்டது. படத்தின் முடிவில் காட்டலாம் என்றுதான் சொல்லாமல் வைத்திருந்தாள். படத்துக்காகத்தானா? அந்த நாலு ஏக்கர் இன்றைக்கு அவள் பேரிலும் தம்பி சிவப்பிரகாஷ் பேரிலும் இருக்கிறதே. ஊர் அவளைச் சந்தேகப்படுவது இருக்கட்டும், நேற்றிலிருந்து அவளுக்கே தன்மேல் சந்தேகம் தட்டியது.

இன்று பையில் இருப்பது அந்த முத்திரைத்தாள் மட்டும்தான். சம்மதக் காகிதத்தை எடுத்து வரவில்லை.

தோப்பின் கேட் உள்பக்கமாகப் பூட்டியிருந்தது. கேட்டுக்கு வெளியே, மண்ணில் புரண்டு கிடந்தது சேலைப் பெட்டி. அவள் கேமராவை மதில்மேல் வைத்துத் தன் பக்கம் திருப்பினாள். ஓடவிட்டாள். முத்திரைத்தாளைக் கையில் பிடித்துக்கொண்டு அத்தைக்குப் போன் போட்டாள்.

வீட்டுக்குள் மணி அடிப்பது அவள் நின்ற இடத்துக்கே கேட்டது. பாதி சாத்திய ஜன்னலுக்குப் பின்னால் ஓர் உருவம் அசையாமல் நின்றது.

"வூட்ல ஆளில்லீங்களாட்ட இருக்குது," என்றார் காளிச்சாமி, ஜன்னலைப் பார்த்துக்கொண்டே.

மணி ஓய்ந்தது. அவள் மறுபடியும் போட்டாள். மறுபடியும் அடித்துக்கொண்டிருந்தது.