பத்தாவது வீடு

யார் காதிலும் பூச்சுற்ற எனக்கு நேரமில்லை. நான் வரைபட அலுவலகத்தில் வேலை பார்ப்பவன். கண்ணால் பார்த்ததை மட்டும்தான் எழுதுவேன். இது நடந்தது. அதுவும் பட்டப்பகலில் நடந்தது.

கல்குவாரிக்காக உருவான குடியிருப்பு அது. குவாரியை மூடியதும் பாதிப்பேர் கிளம்பிவிட்டார்கள். அதற்கென்று ஊர் நிர்வாகம் கிடையாது, ஒரு அலுவலகம்கூடக் கிடையாது. வரைபடத்தில் பெயர் மட்டும் உண்டு. பத்து வருடத்துக்கு ஒருமுறை எங்கள் ஆள் ஒருவர் போய் எண்ணுவார். ஆள் குடியிருக்கும் வீடு பத்து இருந்தால் பெயர் நிற்கும். ஒன்று குறைந்தாலும் எடுத்துவிடுவார்கள். பெயர் இல்லாத இடத்துக்கு ஆம்புலன்ஸ் வராது.

என் அத்தை அங்கேதான் இருக்கிறாள். என்னை வளர்த்தவள். மூச்சுத்திணறல்காரி. போன வருடம் மட்டும் இரண்டு முறை ஆம்புலன்ஸ் வந்துதான் பிழைத்தாள். அலுவலகத்தில் இதைச் சொன்னால் வேறு ஆளை அனுப்புவார்கள். சொல்லாமல் நானே போனேன்.

மதியம் 2.10. கூட வந்த மளிகைக்கடைக்காரர் ஒன்பது வீடுகளைக் காட்டினார். அதற்கு மேல் ஈ காக்கை இல்லை.

"இன்னொண்ணு இருக்கு. குவாரி ஓரமா," என்றார்.

"வாங்க, போலாம்."

"அங்க எண்ண வந்தவங்க மட்டும்தான் போவாங்க. நாங்க கூட வர்றதில்ல. எப்பவுமே அப்படித்தான்."

வெயிலில் நடக்கச் சோம்பல்படுகிறார் என்று நினைத்தேன். தனியாகப் போனேன்.

2.40. சின்ன ஓட்டு வீடு. கொடியில் மூன்று சட்டைகள். ஈரம் சொட்டிக்கொண்டிருந்தது. கீழே தரை காய்ந்து கிடந்தது.

தட்டக் கையைத் தூக்கினேன். அதற்குள் கதவு திறந்தது. ஐம்பது வயதிருக்கும் ஒருவர். கழுத்தில் அடையாள அட்டை, வெளுத்துப்போய். கயிறு எங்கள் அலுவலகக் கயிறு.

"எத்தன பேரு இருக்கீங்க?"

"மூணு."

படிவத்தை வாங்கி அவரே நிரப்பினார். நானே தடுமாறும் கட்டங்கள். கடகடவென்று எழுதி என் கையில் கொடுத்தார்.

உள்ளே எட்டிப் பார்த்தேன். மேசை. இரண்டு பேரின் முதுகு. நாற்காலிகள் நான்கு.

ஒரு குரல், மெதுவாக...

"ஒண்ணு... ரெண்டு... மூணு..."

நின்றது.

மறுபடியும்... "ஒண்ணு..."

2.52.

ஓடினேன்.

பயந்தேன்தான். ஆனாலும் அத்தைக்காக அறிக்கையைக் கொடுத்துவிட்டேன். பத்து வீடு.

மறுநாள் மனசு கேட்காமல் பதிவறையில் பழைய கோப்புகளைப் பிரித்தேன். இருபது வருடத்துக்கு முன்பு பத்தாவது வீட்டில் ஒரே ஆள். குவாரிக் காவலாளி. அடுத்த கணக்கில் இரண்டு பேர். அந்தக் காவலாளியும், முதலில் எண்ணப்போன எங்கள் அலுவலரும். என் படிவத்தில் மூன்றாவதாக ஒரு பெயர். பத்து வருடத்துக்கு முன்பு எண்ணப்போனவருடையது. கோப்பில் அவர் புகைப்படம் இருந்தது. எனக்குக் கதவைத் திறந்தவர்.

"அந்தக் காவலாளி மொதக் கணக்குக்கு முன்னாடியே குவாரிக்குள்ள விழுந்து செத்துட்டாரு சார்," என்றார் பதிவறை எழுத்தர். "எண்ணப் போன ரெண்டு பேரும் அறிக்கை குடுத்து முப்பத்தோராவது நாள் இறந்து போயிட்டாங்க. முப்பது நாளைக்குள்ள திருத்தலாம். நீங்க ஒன்பதுன்னு திருத்திடுங்க."

திருத்தப் படிவம் ஒன்றை என் கையில் திணித்தார்.

நேற்று காலை 6.12-க்கு அத்தைக்கு மூச்சு முட்டியது. 6.33-க்கு ஆம்புலன்ஸ் வந்துவிட்டது. பத்து நிமிடம் தாமதித்திருந்தால் ஆள் இருந்திருக்க மாட்டாள் என்றார் மருத்துவர்.

இன்று முப்பதாவது நாள். மாலை 4.50. ஐந்து மணிக்கு அலுவலகம் மூடிவிடும். படிவம் என் மேசையில் இருக்கிறது. இன்னும் ஒரு எழுத்துக்கூட எழுதவில்லை.

இப்போதுதான் எழுத்தரிடம் போன் போட்டுக் கேட்டேன்.

"அவங்க ஏன் திருத்தல?"

"அவங்களும் இதே படிவத்த வாங்கிட்டுத்தான் போனாங்க சார். வெறும் தாளாவே திருப்பிக் குடுத்தாங்க. ஒருத்தருக்கு அங்க தங்கச்சி இருந்துச்சு. இன்னொருத்தருக்கு அப்பா."