அம்மாவின் சர்க்கரைக்கு இரண்டு நோட்டு

சூரணப் பொட்டலத்தைப் பிரித்தாலே போதும், கசப்பு மூக்கில் ஏறும்... அன்று முழுக்க நாக்கிலும் கசக்கும்.

தில்லியில் லோதி ரோடு குவார்ட்டர்ஸில் இருந்தோம். நான் எட்டாவது. அப்பாவின் அரசாங்க வேலையால் எங்களுக்கு டிஸ்பென்சரி கார்டு உண்டு. அங்கே ஒரு அறையில் இங்கிலீஷ் மருந்து டாக்டர், அடுத்த அறையில் தமிழ்நாட்டுச் சித்த வைத்தியர். எந்தக் காலத்திலோ வந்த மருந்தையும் நேற்று வந்த மாத்திரையையும் ஒரே காரிடாரில் உட்கார வைத்த சர்க்கார், ஒருத்தரோடு ஒருத்தர் பேசச் சொல்ல மட்டும் மறந்துவிட்டது!

அம்மாவுக்குச் சர்க்கரை. இரண்டு அறைக்கும் போவாள். ஆளுக்கொரு நோட்டு. இவர் மருந்து அவருக்குத் தெரியாது.

“ஏட்டி, சொல்லிராத. டாக்டர் ஏசுவாரு. வைத்தியரு பாவம், சங்கடப்படுவாரு.”

வைத்தியரிடம் அவளே தமிழில் பேசிவிடுவாள். டாக்டரிடம் ஹிந்தி பேச நான் வேண்டும். ஆக, பொய்யும் என் வாயால்தான்.

ஒருநாள் காலை பால் பூத் கியூவில் வேர்த்துக் கொட்டி மயங்கி விழுந்தாள்.

டாக்டர் குழம்பிப் போனார். அவர் கொடுத்த மாத்திரைக்குச் சர்க்கரை அவ்வளவு இறங்காதாம். “பேட்டா, மம்மி வேற தவாய் சாப்பிடறாங்களா?” என்று ஹிந்தியில் கேட்டார். அம்மா என்னை முறைத்தாள்.

“நஹீ, டாக்டர் சாப்.”

வெளியே வந்ததும் பயம் பிடித்துக்கொண்டது. அம்மா செத்துப்போனால்? திரும்ப உள்ளே ஓடி எல்லாவற்றையும் அழுதுகொண்டே கொட்டினேன். டாக்டர் கத்து கத்தென்று கத்தினார். பிறகு எழுந்து அடுத்த அறைக்குப் போனார். “முதல்லயே சொல்லியிருந்தா அளவைக் குறைச்சிருப்பேனேம்மா” என்றார் வைத்தியர். அம்மா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

எத்தனையோ வருஷம் கழித்து, போன வாரம், அதே தில்லியில் துவாரகா பக்கம் அம்மாவோடு ஒரு பெரிய பிரைவேட் ஆஸ்பத்திரி. எல்லாமே கம்ப்யூட்டர். டாக்டர் அதே கேள்வியைக் கேட்டார். காய்கறிக்காரர்களோடு இத்தனை வருஷம் மல்லுக்கட்டியதில் அம்மாவின் ஹிந்தி இப்போது பிரமாதம். “குச் நஹீ பேட்டா” என்றாள், கூசாமல்!

வீட்டில் மூன்று டப்பா சித்த மருந்துப் பொடி இருக்கிறது. ஊரிலிருந்து கூரியரில் வந்தது. எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. எழுபத்தெட்டு வயசிலுமா... டாக்டரிடம் சொல்லிவிட்டேன்.

பேரன் வயசு டாக்டர். என்ன பொடி, எவ்வளவு, ஒன்றும் கேட்கவில்லை. ஸ்க்ரீனை விட்டுக் கண்ணை எடுக்காமலே பத்து நிமிஷம் லெக்சர். அந்தக் காலத்து டாக்டர் கத்தினாலும் எழுந்து போய்க் கேட்டாரே என்று நினைத்துக்கொண்டேன்.

அம்மா மெதுவாக என் பக்கம் திரும்பினாள்.

“இதுக்குத்தாண்டி சொல்லல.”