ஆடி மாச லீவு

எமர்ஜென்சி முடிந்து இரண்டு, மூன்று வருஷம் இருக்கும். திருவண்ணாமலையில் தேரடி வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் குடியிருந்தோம். என் வீட்டுக்காரர் பட்டாளத்தில் இருந்தார். எதிர்வீட்டுக்காரரும் பட்டாளம்தான். இருவரும் ஒரே நாளில் ஆள் எடுப்பில் சேர்ந்தவர்கள். வேலையும் ஒரே இடத்தில்.

எனக்கும் எதிர்வீட்டுப் பெண்ணுக்கும் ஒரே தை மாசத்தில் கல்யாணம் ஆனது. அவள் புருஷன் வருஷா வருஷம் கார்த்திகை தீபத்துக்கு லீவில் வருவார். கொடியேற்றத்துக்கு முதல் நாள் வந்து இறங்கினால் தீபம் முடிந்துதான் போவார். என் வீட்டுக்காரர் வருவது ஆடியில்.

ஆடி ஒன்றாம் தேதி வருவார். ஆடி முடியும்போது ரயில் ஏறிவிடுவார். முதல் வருஷம் எனக்குத் தலை ஆடி. அம்மா வந்து என்னைச் செங்கத்துக்கு அழைத்துப் போய்விட்டாள். அவர் இங்கே, நான் அங்கே. பதினெட்டாம் பெருக்குக்கு ஒரு வேளை சாப்பிட வந்தார். கூடவே மாமியார். சாப்பிட்டதும் மாமியார் கையோடு கூட்டிப் போய்விட்டார். ஆறு மாசம் காத்திருந்ததற்கு அவ்வளவுதான்.

தெருவில் அவருக்கு ஆடி மாப்பிள்ளை என்று பேர் வைத்தார்கள். குழாயடியில் ஒருத்தி கேட்பாள், "இன்னாம்மா, ஊர்ல கூழு ஊத்தினாத்தான் உங்க வீட்ல தீபாவளியா?" நானும் சிரித்துவிட்டுக் குடத்தைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுவேன்.

எனக்கு ஒன்றே ஒன்றுதான் வேண்டியிருந்தது. ஒரு தீபத்துக்காவது அவர் என் பக்கத்தில் நிற்க வேண்டும்.

எதிர்வீட்டுக்காரியைப் பார்த்தால் வயிறு எரியும். சாமி புறப்பாட்டுக் கூட்டத்தில் அவள் புருஷன் இரண்டு கையையும் விரித்து அவளுக்கு இடம் பண்ணுவார். அவள் கடலை தின்றபடி நிற்பாள். வீட்டில் அதிரசம் சுட்டால் எனக்குக் கொண்டு வருவாள். நான் அதை மாட்டுக்கு வைத்தேன். மாடு ருசித்துத் தின்றது. அதுவும் எரிச்சலாக இருந்தது. தீபத்தன்று ஊரே மலையைப் பார்க்கும். நான் எதிர் மாடியைப் பார்த்துக்கொண்டு நிற்பேன்.

ஒருமுறை அவள், "இவர் தீபத்துக்கு வர்றது எல்லாம் அண்ணன் தயவுதான்க்கா" என்றாள். அண்ணன் என்று அவள் சொன்னது என் வீட்டுக்காரரை. குத்திக் காட்டுகிறாள் என்று நினைத்தேன். ஒரு மாசம் அவளிடம் பேசவில்லை.

அவரைக் கேட்டாலும் நேரான பதில் வராது. அங்கே என்ன வேலை என்றால், எழுத்து வேலை என்பார். தீபத்துக்கு லீவு கேளுங்களேன் என்றால், பார்க்கலாம் என்பார். லீவுக்குப் பட்டியல் போடுகிற ஆள் ஒருத்தன் இருக்கிறான் என்று மட்டும் ஒருநாள் வாயிலிருந்து வந்தது. அதைப் பிடித்துக்கொண்டேன்.

மூன்றாவது தீபமும் அப்படியே போனது. மறுவாரமே, விலாசத்துக்காக அவர் போட்ட இன்லண்டு லெட்டரை முந்தானையில் முடிந்துகொண்டு தாலுகா ஆபீசுக்குப் போனேன். அங்கே மரத்தடியில் டைப் மிஷின் வைத்திருப்பவரிடம் விஷயத்தைச் சொன்னேன். இதுவரை நிலத்துக்கும் ரேஷன் கார்டுக்கும்தான் அடித்திருக்கிறேன், பட்டாளத்துக்கு இதுதான் முதல் போணி என்றார். பட்டியல் போடுகிறவன் ஓரவஞ்சனை பண்ணுகிறான், எதிர்வீட்டுக்காரரிடம் கை நீட்டி ஏதோ வாங்குகிறான், அவனை விசாரிக்க வேண்டும் என்று சொன்னேன். இங்கிலீஷில் அடித்துக் கொடுத்தார். கீழே கையெழுத்துப் போட்டேன். எழுதத் தெரிந்தது என் பேர் மட்டும்தான்.

மறுவருஷம் ஆடிக்கு அவர் வரவில்லை. தீபத்துக்கு வருகிறேன் என்று கார்டு போட்டார். எதிர்வீட்டுக்காரருக்கு ஆடி. எனக்குக் கால் தரையில் படவில்லை. கோயிலில் கூழ் ஊற்றிய அன்று அவள் வாசலில் போய் நின்று, உன் வீட்டுக்காரர் ஆடிக்கா வந்திருக்கார் என்று ஒன்றும் தெரியாதவள்போலக் கேட்டேன். ஆமாக்கா என்றாள், அவ்வளவுதான்.

தீபத்தன்று சாயங்காலம் புதுச் சேலை கட்டி, தலை நிறையப் பூ வைத்துக்கொண்டு அவரோடு மாடி ஏறினேன். எதிர் மாடியில் அவள் தனியாக நின்றாள். அகல்களுக்கு எண்ணெய் ஊற்றி வைத்துவிட்டு, மலையில் தீபம் தெரியட்டும் என்று எல்லோரும் காத்திருந்தோம். எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. மனு போட்டதைச் சொன்னேன்.

"அந்தப் பட்டியல் போடறவன் இப்ப எங்க கிடக்கறானோ" என்றேன்.

"இங்கதான் நிக்கறான்" என்றார்.

எனக்குப் புரியவில்லை. அவர் எண்ணெயில் விரலைத் தோய்த்து, கைப்பிடிச் சுவரில் கட்டம் போட்டார். இது பன்னிரண்டு மாசம், இது ஆட்கள் என்றார். நாலில் ஒரு பங்குக்கு மேல் ஒரே நேரத்தில் வெளியே விடக்கூடாதாம். சாவு, கல்யாணம், பிரசவம் என்றால் அவர்களுக்கு முதலிடம். அப்புறம் பொங்கல், தீபாவளி. கார்த்திகைக்கு ஒரு இடம்தான் மிஞ்சுமாம். எதிர்வீட்டுக்காரர் ஜனவரியிலேயே கேட்டுவிடுவாராம். எல்லோரும் தமிழ் ஆட்கள். ஆடியை ஒருத்தரும் கேட்பதில்லையாம்.

"எழுதறவன் தன் பேரைக் கடைசியாத்தான் எழுதணும்" என்றார்.

மனு உங்கள் கண்ணில் பட்டதா என்றேன்.

"தபால் பிரிக்கறதும் நான்தான். கீழ உன் கையெழுத்து இருந்துச்சு."

"கிழிச்சுப் போட்டிருக்கலாமே."

"வந்த தபாலைக் கிழிக்கக் கூடாது. நம்பர் போட்டு மேஜர் மேசையில வச்சேன்."

பட்டியல் வேலையை அவரிடமிருந்து பிடுங்கி வேறு ஆளிடம் கொடுத்துவிட்டு, ஆறு மாசம் விசாரித்தார்களாம். மூன்று வருஷத்துப் பட்டியலையும் எடுத்துப் பார்த்தார்களாம். மூன்றிலும் அவர் பேர் கடைசியில், ஆடியில். தப்பில்லை என்று எழுதிவிட்டார்கள். ஆனால் அந்த வருஷம் அவருக்கு வர வேண்டிய ஹவில்தார் பதவி வேறு ஒருத்தருக்குப் போய்விட்டது. விசாரணையில் இருக்கிறவருக்குத் தர மாட்டார்களாம்.

தீபத்துக்கு எப்படி வந்தீர்கள் என்றேன். "புதுசா பட்டியல் போட்டவன், உனக்கு எந்த மாசம் வேணும்னு கேட்டான். அதுவரைக்கும் என்னை யாரும் கேட்டதில்ல" என்றார்.

அப்போது மலைமேல் தீபம் தெரிந்தது. ஊர் முழுக்க அரோகரா என்று சத்தம். எல்லா மாடியிலும் விளக்கு ஏறியது. என் மாடி மட்டும் இருட்டாக இருந்தது. எதிர் மாடியிலிருந்து, "அக்கா, விளக்கேத்தலையா?" என்று அவள் கூப்பிட்டாள். நெருப்புப்பெட்டி என் கையில்தான் இருந்தது. அவர் வாங்கி ஏற்றினார். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

மறுவருஷம் பட்டியல் வேலை அவரிடமே திரும்ப வந்தது. அவரும் ஆடிக்கே வந்தார். குழாயடியில் சிரித்தார்கள். ஆமாம், ஆடி மாப்பிள்ளைதான் என்று சொல்லிவிட்டு வந்தேன். ஹவில்தார் ஆவதற்கு அவருக்கு மேற்கொண்டு இரண்டு வருஷம் ஆனது.

பொறாமை போய்விட்டது என்று சொன்னால் அது பொய். இப்போதும் யாரையாவது பார்த்து வயிறு எரியும்போது, கீழே என் கோணல் கையெழுத்தும் மேலே அவர் கையால் போட்ட நம்பருமாக அந்தக் காகிதம் என் கண்முன் வந்து நிற்கிறது.