இந்த வருஷத்து இனிப்பு மிளகாய்

எங்கள் வீட்டில் உப்பு பார்ப்பது என் கணவர்தான். கல்யாணமான புதிதில் இதற்காக அவரோடு சண்டை போட்டிருக்கிறேன். அடுப்படியில் வேகிறவள் ஒருத்தி, கடைசியில் நாக்கை நீட்டித் தீர்ப்புச் சொல்கிறவர் வேறொருவரா என்று. அவர் சொல்வது சரியாகவும் இருந்து தொலைத்ததால் பிறகு விட்டுவிட்டேன்.

சித்தூரில் எங்கள் சபையின் அறுப்பின் பண்டிகைக்கு ஏலம் விடுவதற்கென்று பூசணிக்காய், வாழைத்தார், சேவல் எல்லாம் வரும். தோட்டம் துரவு இல்லாத நாங்கள் கொண்டுபோவது இனிப்பு மிளகாய். பழுத்துச் சிவந்த பஜ்ஜி மிளகாயை வளையம் வளையமாக நறுக்கி, காரத்துக்குக் கொஞ்சம் குண்டு மிளகாய் சேர்த்து, சர்க்கரையும் உப்பும் கரைந்து கொதிக்கிற வினிகரில் போட்டு, சூட்டோடு சூடாகக் கண்ணாடி பாட்டில்களில் அடைப்பேன். மூடிய பாட்டில்களைப் பெரிய குண்டானில் தண்ணீருக்குள் நிறுத்தி மறுபடி கொதிக்கவிட வேண்டும். வெளியே எடுத்து ஆறும்போது மூடி 'டிக்' என்று உள்ளே இழுத்துக்கொண்டால் வருஷம் முழுக்கக் கெடாது. கடைசி மூடி சத்தம் போடும்வரை அவர் சமையலறை வாசலில் நாற்காலியை விட்டு எழுந்திருக்க மாட்டார்.

ஏலத்தில் எங்கள் பாட்டிலை எடுப்பதற்கென்றே ஓய்வு பெற்ற தலைமையாசிரியை ஒருவர் இருக்கிறார். கல்யாண வீட்டுப் பிரியாணியிலேயே குறை கண்டுபிடிக்கிறவர். வாங்கியதோடு விடமாட்டார். அடுத்த ஞாயிறு சர்ச் வாசலில் என்னை நிறுத்தி, "இந்த வாட்டி உப்பு தூக்கல்" என்றோ, "மிளகா நொளநொளன்னு கீது" என்றோ சொன்னால்தான் அவருக்குச் சோறு இறங்கும். எனக்குக் கோபம் வரும். என் கணவர் மட்டும் சிரிப்பார்.

போன வருஷம் இவருக்கு வாயில் புற்று வந்தது. பீடி, சிகரெட் கிடையாது, வெற்றிலைகூடப் போடாத மனுஷன். கர்த்தர் காரணமில்லாமல் எதையும் செய்யமாட்டார் என்று ஆறுதல் சொல்ல வந்தவர்களிடம், அந்தக் காரணத்தைக் கேட்டு வந்து சொல்லுங்கள் என்று சொல்லிவிட்டேன். அறுவை சிகிச்சை முடிந்து திருப்பதியில் கதிர்வீச்சு வைத்தியம். மொட்டைத் தலையும் லட்டுப் பையுமாக ஊர் திரும்புகிறவர்களோடு, நாங்கள் மருந்துப் பையை மடியில் வைத்துக்கொண்டு பஸ்சில் வருவோம். வைத்தியம் முடிந்தபோது அவருக்கு நாக்கில் ருசியே இல்லை. ருசி மெல்லத் திரும்பும், திரும்பினால் சாப்பாடு இறங்கும், அப்புறம்தான் உடம்பு தேறும் என்று டாக்டர் சொன்னார். அவர் சொன்னதில் நான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டது அது ஒன்றைத்தான்.

தினமும் கேட்பேன். "மண்ணு மாதிரி கீது" என்பார். ஒரு நாள் ரசத்தை ஒரு வாய் குடித்துவிட்டு, "உப்பு கொஞ்சம் கம்மி" என்றார். சமையலறைக்கு ஓடிப்போய் அழுதேன். அதன்பிறகு தினமும் ஏதாவது சொன்னார். புளி ஜாஸ்தி, பெருங்காயம் வாசனையே இல்லை என்று. உடம்பு மட்டும் தேறவில்லை. சட்டை அவர்மேல் ஆணியில் மாட்டினது போலத் தொங்கியது.

இந்த வருஷம் மிளகாய் வேண்டாம் என்றுதான் இருந்தேன். அவர் விடவில்லை.

"நீ போடு. உப்பு பாக்கத்தான் நான் கீறனே."

வினிகர் கொதிக்கும்போது ஸ்ரீ சிட்டியில் வேலை செய்கிற மகள் போன் செய்தாள். "நைனாவுக்கு ருசி வந்துச்சாம்மா?" என்று கேட்டாள். "வந்துடுச்சுடி" என்றேன். பேசி முடித்துவிட்டு மிளகாயை அள்ளிப் போட்டுக் கிளறி, ஒரு கரண்டி எடுத்து ஊதி ஆற்றி அவரிடம் நீட்டினேன். நாக்கு நுனியில் தொட்டார். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. எப்போதும்போல விட்டத்தைப் பார்த்துக் கொஞ்ச நேரம் யோசித்தார்.

"சர்க்கரை ஒரு கை தூக்கலா கீது. பரவால்ல. சாலு, போதும், எறக்கு."

அடுப்பை அணைக்கத் திரும்பினேன். அளந்து வைத்த சர்க்கரை, மாவு டப்பாவின் மேல் கிண்ணத்தில் குவித்தபடி அப்படியே இருந்தது. ஒரு பொடிகூட நான் போடவில்லை.

கரண்டியைச் சப்பிப் பார்த்தேன். வெறும் உப்பும் புளிப்பும் காரமும். அவருக்குத் தெரிந்தது எரிச்சல் மட்டும்தான். ரசம், புளி, பெருங்காயம் எல்லாம் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னவை. எனக்காகச் சொன்னவை. இனி இந்த மனுஷன் தேறமாட்டார் என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது.

அடுப்பையே பார்த்துக்கொண்டு அவர் வாசலில் உட்கார்ந்திருந்தார். அவர் கண்முன்னால் எப்படிச் சர்க்கரையைக் கொட்டுவேன்? கிண்ணத்தின்மேல் ஒரு தட்டைக் கவிழ்த்தேன். அப்படியே பாட்டில்களில் ஊற்றி மூடினேன். ஒவ்வொரு மூடியாகச் சத்தம் போட, அவர் தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார்.

பண்டிகைக்குக் கொண்டுபோக வேண்டாம் என்று ஏதேதோ சாக்குச் சொல்லிப் பார்த்தேன். மாஸ்க் போட்டுக்கொண்டு அவரே பையைத் தூக்கிவிட்டார். எல்லா பாட்டிலும் ஏலம் போனது. முதல் பாட்டிலை வழக்கம்போலத் தலைமையாசிரியைதான் எடுத்தார்.

அந்த வாரம் முழுக்க அவருடைய வாய்க்காகத்தான் காத்திருந்தேன். திட்டட்டும், சர்க்கரைக்குப் பஞ்சமா என்று நாலு பேர் முன்னால் கேட்கட்டும் என்று நிஜமாகவே ஆசைப்பட்டேன். ஞாயிற்றுக்கிழமை சர்ச் வாசலில் இவர் என் பக்கத்தில் நிற்கும்போது அந்த அம்மா வந்தார். என் கையைப் பிடித்தார்.

"இந்த வருஷம் ரொம்ப நல்லா கீதும்மா. ஒரு கொறையும் இல்ல."

சொல்லிவிட்டு இவர் முகத்தைப் பார்க்காமலே போய்விட்டார். சாவு வீட்டுக் காபியை யாரும் குறை சொல்வதில்லை.

வீட்டுக்கு நடக்கும்போது இவருக்குக் கால் தரையில் பாவவில்லை.

"பாத்தியா, அந்த அம்மாவே வாயத் தொறக்கல. ஆனாலும் சர்க்கரை ஜாஸ்திதான். அடுத்த வருஷம் ஒரு கை கொறச்சிக்கோ."

"சரிங்க, கொறச்சிக்கறேன்" என்றேன்.