நாற்பது பேருக்கு ஒரே மாத்திரை

ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே மருந்துக்கடை வைத்திருக்கும் அழகுராஜா, பதினொரு வருடங்களுக்கு முன்னால் ஜெஸியிடம் கேட்டது அவளுடைய சர்டிபிகேட்டை மட்டும்தான். பார்மசி படித்தவர் பெயர் சுவரில் தொங்கினால்தான் கடை திறக்க முடியும். "நீங்க வரவே வேணாம்மா. சர்டிபிகேட் வந்தாப் போதும்" என்றார். அப்படி வீட்டில் உட்கார்ந்தபடியே சம்பளம் வாங்கியவர்கள் அவளோடு படித்தவர்களிலேயே உண்டு. ஜெஸியோ மறுநாள் காலை கண்ணாடி போட்ட சர்டிபிகேட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்து, தானே ஆணியில் மாட்டினாள். மாட்டிய கையோடு கவுண்டருக்குள் வந்து நின்றுகொண்டாள்.

பஸ் ஸ்டாண்டு மருந்துக்கடையின் உயிர்நாடி 'செட்டு'. தேனி பஸ்ஸிலிருந்து ஒருவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு இறங்கி வருவார். "வயித்தால போகுதுண்ணே, ஒரு செட்டு குடுங்க" என்பார். கிருமிக்கு ஒன்று, நிறுத்துவதற்கு ஒன்று, வாயுவுக்கு ஒன்று என்று ஒரு காகிதக் கவரில் போட்டுக் கொடுத்தால், டிரைவர் ஹாரன் அடிப்பதற்குள் ஆள் போய்விடுவார். எத்தனை தடவை போனது, எதனால் போனது, யாருக்குத் தெரியும்? ஜெஸி வந்த அன்றே அந்தச் சமாச்சாரத்துக்கு முட்டுக்கட்டை போட்டாள். எத்தனை தடவை போச்சு? காய்ச்சல் இருக்கா? ரத்தம் போகுதா? வேற என்ன மாத்திரை சாப்பிடுறீங்க? இத்தனைக்கும் பதில் வந்தாக வேண்டும். மூன்று தடவை தண்ணீராகப் போனவருக்குத் தண்ணீரில் கரைத்துக் குடிக்கிற ஓஆர்எஸ் உப்புப் பாக்கெட்டைக் கையில் கொடுத்து அனுப்பிவிடுவாள். காய்ச்சலோ ரத்தமோ இருந்தால் நிறுத்துகிற மாத்திரையைக் கண்ணில் காட்டமாட்டாள். பக்கத்துச் சந்து டாக்டரிடம் போகச் சொல்வாள். கண்டக்டர்கள் அவளுக்கு 'கோர்ட்டு அக்கா' என்று பெயர் வைத்தார்கள். அவளுக்கும் அது தெரியும். உள்ளூர அதில் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

போன வைகாசியில் ஒரு நாள் காலை மேலூர் கருத்தக்கண்ணன் வந்தார். வருடா வருடம் காசிக்கு பஸ் விடுகிறவர். அதற்கு முந்தின வருடம் போன இடத்தில் ஒன்பது பேருக்கு வயிற்றுப்போக்கு கண்டு, பஸ் இரண்டு நாள் நின்ற இடத்திலேயே நின்றது. அதிலிருந்து மேலூரில் அவருடைய வண்டிக்குப் பெயர் 'பேதி பஸ்'. மனிதர் நொந்து போயிருந்தார். இந்த வருடம் வீடு வீடாக ஏறி இறங்கித்தான் நாற்பது பேரைச் சேர்த்திருந்தார்.

"தாயி, இந்தத் தடவ ஒருத்தருக்கும் வயிறு அசையக்கூடாது. காலைல காபி குடிச்ச கையோட ஆளுக்கு ஒரு கிருமி மாத்திரை. நாப்பது பேரு, பன்னெண்டு நாளு. கட்டிக் குடு."

"வராத சீக்குக்கு இம்புட்டு மாத்திரையாண்ணே? வயித்துக்குள்ள நல்ல கிருமியும் இருக்கு. தெனமும் இதைப் போட்டா அதுவும் சேர்ந்து சாகும். அப்புறம் நெசமாவே சீக்கு வந்தா மாத்திரை கேக்காது."

"அப்ப நான் என்னதான் செய்யிறது?"

"கொதிக்கவச்ச தண்ணி, சுடச்சுடச் சோறு, கைகழுவ சோப்பு. ஆளுக்கு நாலு ஓஆர்எஸ் பாக்கெட். காய்ச்சலோட போனாலோ ரத்தம் கலந்து போனாலோதான் கிருமி மாத்திரை, அதுவும் அங்கன ஒரு டாக்டரைப் பாத்துட்டு. சரி, நாப்பது பேர்ல யாரு யாரு வேற மாத்திரை சாப்பிடுறாங்க?"

கருத்தக்கண்ணன் பெயர்ப்பட்டியலைக் கவுண்டரில் அடித்து வைத்தார். "நான் பஸ் விடுறவனா, ஆஸ்பத்திரி நடத்துறவனா? மாப்ள அழகுராஜா, உன் கடையில கோர்ட்டு நடக்குது. நான் அந்தப் பக்கம் உள்ள கடையில வாங்கிக்கிறேன்." பட்டியலை அங்கேயே மறந்துவிட்டுக் கிளம்பிப் போனார்.

அழகுராஜாவுக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. பதினொரு வருடப் பொறுமை அன்றோடு தீர்ந்தது.

"போதும்மா. நாளையிலருந்து நீ வீட்டுல இரு. சர்டிபிகேட் இங்க இருக்கட்டும். சம்பளம் வரும்."

ஜெஸிக்குச் சுருக்கென்றது. கைக்குழந்தையை அம்மாவிடம் விட்டுவிட்டு வந்து நின்ற காலத்திலிருந்து இந்தக் கவுண்டர்தான் அவளுக்கு எல்லாம். தன் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு தன்னைப் போகச் சொல்கிறாரே என்று ஆத்திரம் பொங்கியது. அழுகை வரும்போல் இருந்தது. அவருக்கு முன்னால் அழக்கூடாது என்று பட்டியலை இழுத்து வைத்துப் படித்தாள். படித்துக்கொண்டே வந்தவள் ஓரிடத்தில் நிறுத்தினாள்.

"அண்ணே, பதினேழாம் நம்பர் தங்கப்பொண்ணு, வயசு அறுபத்திரண்டு. உங்க அக்காதான?"

"ஆமா. காசிக்குப் போறேன்னு சொல்லுச்சு. அதுக்கென்ன?"

"அவங்களுக்கு நெஞ்சுத் துடிப்பு மாத்திரை மாசாமாசம் நீங்கதான் கட்டிக் குடுத்து விடுறீங்க. அதோட இந்தக் கிருமி மாத்திரையும் சேந்தா துடிப்பு தாறுமாறாப் போகலாம். உயிருக்கே ஆபத்து. பன்னெண்டு நாளும் காபியோட குடுக்கப் போறாரு."

அப்பா இறந்தபின் அழகுராஜாவை வளர்த்து ஆளாக்கியது அந்த அக்காதான். அவர் செருப்பைக்கூட மாட்டாமல் ரோட்டில் இறங்கினார். கோயம்புத்தூர் பஸ் ஒன்று அவருக்காகப் பிரேக் போட்டது. டிரைவர் திட்டியது கடை வரைக்கும் கேட்டது. கல்லாவை விட்டு டீ குடிக்கக்கூட எழுந்திருக்காத மனிதர், வேட்டியை ஒரு கையில் பிடித்துக்கொண்டு, பஸ்களுக்கு நடுவே, "கருத்தக்கண்ணா! கருத்தக்கண்ணா!" என்று கத்திக்கொண்டே ஓடினார். ஜெஸி கவுண்டரைப் பிடித்தபடி நின்றாள். அவர் போய்ச் சேர்வதற்குள் எல்லாம் கட்டி முடித்திருப்பார்களோ என்று அவளுக்குப் பதைத்தது.

கால்மணி நேரம் கழித்து இரண்டு பேரும் வந்தார்கள். கருத்தக்கண்ணன் கை வெறுங்கை. முகத்தில் பழைய மிடுக்கு இல்லை. அழகுராஜாவுக்கு மூச்சு இரைத்தது. கால் பெருவிரலில் ரத்தம்.

"அந்தக் கேள்விய மறுபடி கேளும்மா" என்றார். "எங்க அக்காளுக்கு மட்டுமில்ல. நாப்பது பேருக்கும் கேளு."

"போன் போட்டுத் தாரேன் தாயி, நீயே பேசு" என்று கருத்தக்கண்ணன் செல்போனை எடுத்தார். "யாரு யாரு என்ன மாத்திரை சாப்பிடுறாங்கன்னு சத்தியமா எனக்குத் தெரியாது."

ஜெஸி உடனே போனை வாங்கவில்லை. அழகுராஜாவின் முகத்தைப் பார்த்தாள்.

"நாளைக்கு நான் வரணுமா, வேணாமாண்ணே?"

"வெந்த புண்ணுல வேலப் பாய்ச்சாத" என்றார் அழகுராஜா. "கடைச் சாவி ஒண்ணு உன்கிட்டயே இருக்கட்டும். நான் வர நேரமானாலும் நீ தெறந்து வையி."

அவள் பட்டியலைத் திருப்பி வைத்துக்கொண்டு பேனாவைத் திறந்தாள்.

"ஒண்ணாம் நம்பர் யாருண்ணே? போடுங்க போனை."